பட்டம் வாங்கிய மனைவிக்கு ஜீவனாம்சம் எதற்கு?

தறிமேடை: நண்பருக்குக் கைக்கு வரும் சம்பளம் 60,000. விவாகரத்து வழக்கு நடக்கிறது. மனைவி பி.இ., கல்யாணத்துக்கு முன் ஐ.டி. வேலை. குழந்தை பிறந்ததும் விட்டுவிட்டார். இப்போது இடைக்கால ஜீவனாம்சம் மாதம் 15,000 கட்டச் சொல்லி உத்தரவு வந்திருக்கிறது. சம உரிமை கேட்கிறோம், சரி. படித்தவர், உடம்பு நன்றாக இருக்கிறவர், தன் செலவைத் தானே பார்த்துக்கொள்ளக் கூடாதா?

கருவேலங்காடு: "விட்டுவிட்டார்" என்று ஒரே சொல்லில் தாண்டிவிட்டீர்களே. யாருக்காக விட்டார்? குழந்தை இரண்டு பேருக்கும்தானே? ஏழெட்டு வருடம் வீட்டிலிருந்தவரை எந்தக் கம்பெனி பழைய சம்பளத்துக்குக் கூப்பிடும்? சம்பாதிக்கும் திறன் இருப்பது வேறு, சம்பாதிப்பது வேறு என்று உச்ச நீதிமன்றமே சொல்லியாயிற்று.

தறிமேடை: அப்படியானால் வேலை தேடாமல் இருப்பவருக்குத்தான் லாபம். மத்தியப் பிரதேச உயர் நீதிமன்றம் 2000-லேயே இதைக் கண்டித்தது: இந்து திருமணச் சட்டத்தின் 24-ஆம் பிரிவு சும்மா இருப்பவர்களின் பட்டாளத்தை உருவாக்க வந்ததல்ல என்று. 2025 மார்ச்சில் டெல்லி உயர் நீதிமன்றமும், நன்றாகப் படித்து வேலை அனுபவமும் உள்ள மனைவி ஜீவனாம்சத்துக்காகச் சும்மா இருக்கக் கூடாது என்றது. அதையும் படியுங்கள்.

மூன்றாம்_வாய்தா: வக்கீல் ஆபீஸில் வேலை பார்ப்பவன், நடுவில் வருகிறேன். 1955 இந்து திருமணச் சட்டத்தில் 24-ஆம் பிரிவு, வழக்கு நடக்கும்போது கேட்கும் ஜீவனாம்சத்துக்கு; 25-ஆம் பிரிவு, தீர்ப்பின்போதோ அதற்குப் பிறகோ கேட்பதற்கு. இரண்டிலும் கணவனும் கேட்கலாம், மனைவியும் கேட்கலாம். கணவன் கேட்டு வாங்குவது அபூர்வம், அது வேறு விஷயம். 15,000 எங்கிருந்து வந்தது என்றும் புரிகிறது. 2017-இல் ஒரு வழக்கில் நிகரச் சம்பளத்தில் 25 சதவீதம் நியாயம் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அதிலிருந்து எல்லோரும் அதையே வாய்ப்பாடாகப் பிடித்துக்கொண்டார்கள். சட்டத்தில் அப்படி எந்த சதவீதமும் கிடையாது. இந்த 15,000 மனைவிக்கு மட்டுமா, குழந்தைக்கும் சேர்த்தா?

தறிமேடை: சேர்த்துத்தான்.

கருவேலங்காடு: பள்ளிக் கட்டணம், வாடகை, சாப்பாடு எல்லாம் சேர்த்து 15,000. இதற்கா இவ்வளவு சத்தம்! என் அக்காவுக்கு உத்தரவு வந்தும் நிலுவை ஏறிக்கொண்டே போனது. அக்காவின் கணவர் கடையைத் தன் தம்பி பெயருக்கு மாற்றிவிட்டு, "எனக்கு வருமானமே இல்லை" என்று கூண்டில் நின்றார். சம்பளச் சீட்டு இருக்கிறவர்தான் மாட்டுகிறார் என்றால் அதை ஒப்புக்கொள்கிறேன். அதற்கு மனைவியைத் திட்டி என்ன பயன்?

மூன்றாம்_வாய்தா: அந்த ஏமாற்றுக்காகத்தான் 2020 நவம்பரில் உச்ச நீதிமன்றத்தின் ரஜ்னேஷ் - நேஹா தீர்ப்பு வந்தது. இருவருமே வருமானம், சொத்து, கடன், செலவு எல்லாவற்றையும் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்ய வேண்டும். ஜீவனாம்சம் மனு போட்ட தேதியிலிருந்தே கணக்கு. தறிமேடை, உங்கள் நண்பரிடம் கேட்க வேண்டியது இதுதான்: மனைவியின் பத்திரத்தைப் படித்தாரா? வீட்டிலிருந்தபடியே ஏதாவது வேலை செய்கிறார், வங்கிக் கணக்கில் பணம் வருகிறது என்றால் குறுக்கு விசாரணையில் கேட்கலாம். "படித்திருக்கிறாள்" என்று மட்டும் சொன்னால் நிற்காது.

தறிமேடை: அதைப் பார்க்கச் சொல்கிறேன். ஆனால் கேள்வி அப்படியேதான் இருக்கிறது. குழந்தைக்குக் கொடுப்பதில் அவருக்கு மனத்தாங்கல் இல்லை. நாளைக்கு விவாகரத்தும் ஆகிவிட்டால், வாழ்நாள் முழுக்க எதற்குக் கட்ட வேண்டும்? 2024 டிசம்பரில் ஒரு வழக்கில் 12 கோடி கொடுக்கச் சொன்னதே உச்ச நீதிமன்றம்.

கருவேலங்காடு: அதே தீர்ப்பில்தான், கணவனின் சொத்துக்குச் சமமாகக் கேட்க முடியாது என்றும் சொன்னார்கள். தலைப்புச் செய்தியோடு நிறுத்திவிட்டீர்கள். வாழ்நாள் முழுக்க என்பதும் கல்வெட்டு அல்ல. மனைவி மறுமணம் செய்துகொண்டால் 25-ஆம் பிரிவிலேயே உத்தரவை மாற்றவோ ரத்து செய்யவோ மனு போடலாம். அவருக்கு வேலை கிடைத்தாலும் போடலாம்.

தறிமேடை: அந்த மனுவை நண்பர்தான் போட வேண்டும், வக்கீலுக்கு அவர்தான் செலவழிக்க வேண்டும். மூன்று வருடமோ ஐந்து வருடமோ ஒரு கெடு வைத்துக் கொடுத்தால் அந்தப் பெண்ணுக்கும் வேலை தேடத் தோன்றும்.

கருவேலங்காடு: முப்பத்தைந்து வயதுக்காரிக்கு அது சரி. ஐம்பத்தைந்து வயதில் தள்ளிவிடப்பட்டவளுக்கு?

மூன்றாம்_வாய்தா: வயது, எத்தனை வருடம் சேர்ந்து வாழ்ந்தார்கள், வேலையை எதற்காக விட்டார் என்பதையெல்லாம் பார்த்துத்தான் தொகை வைக்கிறார்கள். தறிமேடை, ஒன்றை மட்டும் உடனே சொல்லிவிடுங்கள். உத்தரவு பிடிக்கவில்லை என்று பணம் கட்டாமல் இருக்க வேண்டாம். வேண்டுமென்றே கட்டவில்லை என்று தெரிந்தால் நீதிமன்றம் அவர் தரப்பு வாதத்தையே நீக்கிவிட முடியும். இடைக்கால உத்தரவுக்கு இங்கே வழக்கமாக உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனுதான் (கீழ் நீதிமன்ற உத்தரவு சரியா என்று பார்க்கக் கேட்கும் மனு) போடுவோம். ஒருபக்கம் கட்டிக்கொண்டே அதைப் போடச் சொல்லுங்கள்.

தறிமேடை: இரண்டு மாதம் பாக்கி வைத்திருக்கிறார். இன்றே போன் செய்கிறேன்.