மறு: ‘லாங் டேக்’குக்குத் தமிழ்: நெட்டெடுப்பு?

> ‘நீள்காட்சி’ என்று போட்டு முடித்துவிடலாமே.

முடியாது ஐயா. லாங் டேக் என்பது நடுவில் வெட்டாமல் நீண்ட நேரம் ஓடும் ஒரே ஷாட். ‘காட்சி’ சீனுக்குப் போய்விட்டது. ஒரு சீனில் 40 ஷாட்கூட இருக்கலாம்; எவ்வளவு நீண்டாலும் அது லாங் டேக் ஆகாது. ‘நீள் ஷாட்’ இன்னும் மோசம், தூரத்திலிருந்து எடுக்கும் லாங் ஷாட்டோடு போய் ஒட்டிக்கொள்ளும். இங்கே நீளம் என்பது நேரம்.

> அப்படியானால் ‘வெட்டிலா ஷாட்’?

எல்லா ஷாட்டுமே இரண்டு வெட்டுக்கு நடுவில் வெட்டில்லாததுதானே!

ஹங்கேரியனில் எடிட்டருக்குப் பெயரே ‘வாகோ’, அதாவது வெட்டுபவர். ஆனால் ஆக்னெஷ் ஹ்ரனிட்ஸ்கியைப் பாருங்கள். லாங் டேக்குக்குப் பேர்போன ஹங்கேரிய இயக்குநர் பேலா டாரின் படங்களை 1980களின் தொடக்கத்திலிருந்து தொகுத்தவர். 2000இல் வந்த ‘வெர்க்மைஸ்டர் ஹார்மனீஸ்’ படத்தில் இணை இயக்குநராகவும் அவர் பெயர் இருக்கிறது (நம்மூர் கோ-டைரக்டர் பதவி அல்ல, இயக்கத்திலேயே பங்கு). 145 நிமிடப் படம், மொத்தம் 39 ஷாட். 2011இன் ‘டூரின் குதிரை’ சுமார் இரண்டரை மணி நேரம், 30 ஷாட். ஷாட்டுக்குச் சராசரி சுமார் ஐந்து நிமிடம்.

இதில் எடிட்டருக்கு என்ன வேலை என்று கேட்பவர்கள் சுருளின் கணக்கைப் பார்க்க வேண்டும். 35 மி.மீ. ஃபிலிம் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். 1000 அடிச் சுருள் 11 நிமிடம். ‘வெர்க்மைஸ்டர்’ தொடக்கத்தில், மதுக்கடையில் குடிகாரர்களைச் சூரியன், பூமி, நிலா என்று நிறுத்திச் சுற்றவிடும் ஷாட் மட்டுமே சுமார் 10 நிமிடம். எட்டாவது நிமிடத்தில் ஃபோகஸ் நழுவினால்? வழக்கமான படத்தில் ஒரு குளோசப்பைச் செருகி மறைக்கலாம். இங்கே செருக ஒன்றும் கிடையாது, சுருளே வீண். வசனமாவது பின்னால் டப்பிங்கில் சரியாகும். நாயகன் லார்ஸ் ருடால்ஃப் ஜெர்மானியர், படத்தில் கேட்பது வேறொருவரின் ஹங்கேரியக் குரல். ஆனால் நடையின் வேகம், கேமரா நிற்கும் இடம் எல்லாம் படப்பிடிப்பிலேயே முடிவாகிவிட வேண்டும். எடிட்டிங் மேசைக்கு வரும்போது மிஞ்சுவது மூன்று கேள்வி: எந்த டேக் (அதாவது எத்தனையாவது முறை எடுத்தது), எந்த ஃபிரேமில் நுழைவது, எந்த ஃபிரேமில் விடுவது.

ஆகவே சொல் ‘டேக்’ மீதுதான் நிற்க வேண்டும். டேக் எடுப்பு என்றால், நெட்டெழுத்து, நெட்டுயிர்ப்பு போல இது நெட்டெடுப்பு. நெட்டெழுத்துக்கும் மாத்திரைக் கணக்குதான், அதாவது நேரம்.

> தமிழிசையில் எடுப்பு என்றால் பல்லவி. குழப்பாதா?

தொடுப்பும் (அனுபல்லவி) முடிப்பும் (சரணம்) பக்கத்தில் வந்தால்தான் அந்தப் பொருள். ஷாட் குறிப்பில் ‘மூன்றாம் எடுப்பு சரி’ என்று எழுதினால் யாரும் பாட ஆரம்பிக்க மாட்டார்கள்.

> பிரெஞ்சு ‘பிளான்-செகான்ஸ்’ஸுக்கும் இதுவே போதுமா?

வேண்டாம். அது ஒரு முழுக் காட்சியும் ஒரே எடுப்பில் முடிவது. ‘ஓரெடுப்புக் காட்சி’ எனலாம். அந்த மதுக்கடை ஷாட் இரண்டுமாக இருக்கிறது. ஆனால் ஒரு காட்சிக்குள் நெட்டெடுப்பும் மூன்று சின்ன ஷாட்டும் கலந்து வரலாம், அப்போது இந்தப் பெயர் பொருந்தாது. கலைச்சொல் பட்டியலில் தனித்தனியாகவே இடுங்கள்.