செம்போர்னாவில் உடைபட்ட வீடுகள்: கடல் நாடோடிகளைக் கரையேற்றுவது சரியா?

நீலவானம்:
2024 ஜூன் மாதம் மலேசியாவின் சபா மாநிலத்தில், செம்போர்னா கடற்பகுதியில் பஜாவ் லாவுட் மக்களின் வீடுகளை அரசு இடித்தது. துன் சக்காரான் கடல் பூங்காவுக்குள், ஆழமில்லாத தண்ணீரில் கால் நட்டுக் கட்டிய பலகை வீடுகள். 500 பேருக்கு மேல் வீடிழந்தார்கள் என்று அங்குள்ள ஆர்வலர்கள் சொன்னார்கள். நேற்று அந்தப் படங்கள் மறுபடி கண்ணில் பட்டன. ராத்திரி தூக்கம் வரவில்லை, அதனால்தான் இந்த இழை.

தெரியாதவர்களுக்காக: பிலிப்பைன்ஸின் சூலு தீவுகள், சபா, இந்தோனேசியாவின் சுலவேசி என மூன்று நாட்டுக் கடலிலும் தலைமுறை தலைமுறையாகப் படகிலேயே பிறந்து, சமைத்து, பிள்ளை வளர்த்தவர்கள் இவர்கள். செத்தவரைப் புதைக்கத் தீவுக்குப் போவார்கள். மரச்சட்டக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, மூச்சை அடக்கி 70 மீட்டர் வரை இறங்குகிறவர்கள் உண்டு. 2018இல் வந்த ஓர் ஆய்வில், பக்கத்துக் கரையில் வாழும் சலுவான் மக்களைவிட இவர்களின் மண்ணீரல் சுமார் 50 சதவீதம் பெரிது என்று தெரிந்தது. முக்குளிக்காத பஜாவ்களுக்கும் அப்படித்தான். மூச்சை அடக்கும்போது மண்ணீரல் சுருங்கி, சேர்த்து வைத்த சிவப்பணுக்களை ரத்தத்தில் தள்ளிவிடும். அது கூடுதல் நேரம் தாக்குப்பிடிக்க உதவுகிறது.

உடம்பே கடலுக்காக அமைந்த மக்கள். இவர்களைக் கரையில் கொண்டுபோய் வைப்பது என்ன நியாயம்?

பவளப்பாறை:
படங்களைப் பார்த்து எனக்கும் மனசு கனத்தது. ஆனால் நான் கடல் உயிரியல் படித்தவன். அந்தப் பகுதியின் பவளம் என்ன கதியில் இருக்கிறது என்பதையும் சொல்லியாக வேண்டும். பாட்டிலில் உர வெடிமருந்தை அடைத்துத் திரி வைத்து எறிகிறார்கள். ஒரு வெடிக்கு அந்த இடத்துப் பவளம் முழுக்கக் கூழாங்கல் குவியல் மாதிரி ஆகிவிடும். பெரிய மீனை உயிரோடு பிடிக்க சயனைடு பீய்ச்சுகிறார்கள். 2004இல் அந்த இடத்தைப் பூங்காவாக அறிவித்தது விளையாட்டுக்கு இல்லை.

பாதுகாப்பும் ஒரு காரணம். 2000 ஏப்ரலில் அதே கடலில் சிபாடான் தீவிலிருந்து 21 பேரை பிலிப்பைன்ஸ் ஆயுதக் குழுவான அபு சயாஃப் ஆட்கள் கடத்திப் போனார்கள். 2013இல் சபாவின் லஹாட் டத்து ஊரில் சூலுவிலிருந்து ஆயுதத்தோடு ஆட்கள் வந்து இறங்கினார்கள். அதன்பிறகு இரவில் கடலில் நடமாட்டத்துக்கே தடை. எந்தப் படகில் யார் வருகிறார் என்று தெரியாமல் ஓர் அரசு எத்தனை நாள் சும்மா இருக்கும்? சட்டம் எல்லோருக்கும் ஒன்றுதான்.

தாவாவ்காரன்:
நான் மலேசியாவின் பேராக் மாநிலத்துப் பிள்ளை. சபாவில் தாவாவ் பக்கம் செம்பனை (எண்ணெய்ப்பனை) ஆலையில் 11 வருசம் வேலை பார்த்தேன். செம்போர்னா பாசாருக்கு (சந்தைக்கு) மாதம் இரண்டு தடவையாவது போவோம், மீன் மலிவு.

படகுத்துறைக்குக் கீழே ஓர் ஒற்றைமரத் தோணி நிற்கும். ஒரு அம்மா, முகம் முழுக்க அரிசிமாவு அரைத்துப் பூசியிருப்பார், வெயிலுக்காக. மடியில் கைக்குழந்தை. காலடியில் நாலு மீன், ஒரு பிளாஸ்டிக் வாளியில் கடல் முள்ளெலி. மேலே ஏறி வந்து விற்க மாட்டார். ஐந்து வெள்ளியை (ரிங்கிட்) நாம் குனிந்து நீட்ட வேண்டும், அவர் எட்டி வாங்குவார். ஏன் மேலே வருவதில்லை என்று மீன்கடைக்காரரிடம் கேட்டேன். "ஐசி இல்லை. பிடிச்சா உள்ளே போட்டுருவாங்க" என்றார். ஐசி என்றால் அடையாள அட்டை.

பவளப்பாறை தம்பி, சட்டம் எல்லோருக்கும் ஒன்று என்கிறீர்கள். 1994 முதல் அதே ஊரில் லெப்பா படகுத் திருவிழா நடக்கிறது. லெப்பா என்பது இவர்களுடைய குடும்பப் படகு. வண்ணக் கொடி கட்டி, பாய் விரித்து, ஆட்டம் பாட்டத்தோடு சுற்றுப்பயணிகள் படம் எடுப்பார்கள். படகு நாட்டின் பெருமை. அதில் பிறந்தவன் மட்டும் அந்நியன். இதை என்னால் ஏற்க முடியவில்லை.

எனக்கு வலிப்பதற்குக் காரணம் உண்டு. என் பாட்டி பால்மர (ரப்பர்) தோட்டத்தில் 40 வருசம் உழைத்தார். கடைசிவரை நிரந்தரவாசிக்கான சிவப்பு ஐசிதான், குடியுரிமை வரவே இல்லை. மலேசியத் தமிழ்க் குடும்பங்களில் இந்தக் கதை புதிதல்ல. நிலத்தில் ஒரே லயத்தில் (தோட்டத்து வரிசை வீட்டில்) இருந்தவருக்கே அப்படி என்றால், அலையில் நகர்கிறவருக்கு யார் காகிதம் கொடுப்பார்?

கீதாரிமகள்:
எல்லாரும் மன்னிக்கணும், கொஞ்சம் காட்டமாத்தான் எழுதுறேன்.

நான் சிவகங்கைப் பக்கம். எங்கப்பா கீதாரி, ஊர் ஊரா ஆடு மேய்க்கிறவர். அறுவடை முடிஞ்சதும் செம்மறியை ஓட்டிக்கிட்டு தஞ்சாவூர், திருவாரூர் பக்கம் போயிருவோம். ராத்திரி வயல்ல ஆட்டை அடைச்சு கிடை போடணும், ஆட்டுப் புழுக்கையும் மூத்திரமும் வயலுக்கு எரு. அதுக்கு வயக்காரர் காசோ நெல்லோ கொடுப்பார். குட்டிகளைக் கொடாப்புல (பெரிய கூடை மாதிரி கூண்டு) கவுத்து வச்சுட்டு, பக்கத்துலயே சாக்கை விரிச்சுப் படுப்போம். மழை வந்தா அந்தக் கொடாப்பு மேலதான் முதல்ல தார்ப்பாய் விழும், எங்க மேல இல்ல. குட்டி செத்தா அந்த வருசமே போச்சு.

ஆடியில ஊருக்குத் திரும்புனா பள்ளிக்கூடத்துல என் பேரை அடிச்சிருப்பாங்க. மறுபடி அப்பா கெஞ்சி எழுதச் சொல்லணும். மூணு தடவை அப்படி நடந்துச்சு. பதினொரு வயசுல மூணாங்கிளாஸ், கடைசி பெஞ்சு. பாட்டி ஊர்லயே தங்கி என்னை வச்சுக்கிட்டதால இன்னைக்கு நர்ஸா இருக்கேன். என் அண்ணனுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை.

நீலவானம் சார், மண்ணீரல் பெருசா இருக்குன்னு ஒரு புள்ளையப் படகுலயே விட்டுரலாமா? பஜாவ் பசங்களுக்குச் சின்ன வயசுலயே முக்குளிச்சு செவிப்பறை கிழிஞ்சு போயிருது, பெரியவங்க பலருக்குக் காது மந்தம். இப்ப காத்தடிக்கிற கம்ப்ரஸர் குழாயை வாயில வச்சுக்கிட்டு இன்னும் ஆழம் போறாங்க, வேகமா மேல வந்தா கை கால் விளங்காம போயிரும். நாடோடி வாழ்க்கையை வெளியில இருந்து பார்த்தா நிலா வெளிச்சம் மாதிரி தெரியும். உள்ள இருந்தவளுக்கு அது ஈரச் சாக்கு.

நீலவானம்:
சகோதரி, நீங்கள் சொன்னது தைத்தது. 'கடலுக்காக அமைந்த மக்கள்' என்று எழுதியது தவறு, அதைத் திரும்பப் பெறுகிறேன்.

ஆனால் கரையேற்றுவதன் விளைவு என்ன என்பதற்கும் ஓர் உதாரணம் இருக்கிறது. தாய்லாந்தின் சுரின் தீவில் மோக்கன் மக்கள். இவர்களும் கடலோடிகள்தான், கபாங் என்ற படகில் திரிந்தவர்கள். 2004 சுனாமி அன்று கடல் உள்வாங்கியதைப் பார்த்ததும், 'லபூன்' வருகிறது, ஆளை விழுங்கும் அலை, என்று பெரியவர்கள் கத்த, ஊரே மேட்டுக்கு ஓடித் தப்பியது. தாத்தா பாட்டி சொன்ன கதைதான் காப்பாற்றியது. அதன்பிறகு, இரண்டு இடத்தில் இருந்தவர்களை ஒரே விரிகுடாவில் வரிசை வரிசையாக, கூரையோடு கூரை உரசும்படி குடியமர்த்தினார்கள். 2019 பிப்ரவரியில் தீப்பிடித்தது. 60க்கும் மேற்பட்ட வீடுகள் போய்விட்டன. பழையபடி தள்ளித் தள்ளி இருந்திருந்தால் அத்தனை வீடும் எரிந்திருக்காது. அந்தத் தீவுகளும் தேசியப் பூங்கா. புதுக் கபாங் செய்ய மரம் வெட்டவும் விடுவதில்லை.

பவளப்பாறை:
சுனாமிக் கதையைப் பலரும் இப்படித்தான் சொல்கிறார்கள். அன்றைக்கு அவர்கள் படகில் இல்லை, கடற்கரைக் குடிசைகளில்தான் இருந்தார்கள். அவர்களைக் காப்பாற்றியது அலைச்சல் இல்லை, அறிவு. அதைக் கரையில் இருந்தும் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கலாம்.

இன்னொன்றும் உண்டு. மோக்கன் குழந்தைகளுக்குத் தண்ணீருக்கடியில் ஐரோப்பியக் குழந்தைகளைவிட இரண்டு மடங்கு தெளிவாகத் தெரிகிறது என்று 2003இல் ஓர் ஆய்வு வந்தது. கண்மணியைச் சுருக்கிப் பார்க்கிறார்கள். பிறகு ஐரோப்பியக் குழந்தைகளுக்கும் பயிற்சி கொடுத்தார்கள், அவர்களுக்கும் வந்துவிட்டது. பழக்கம்தான், பிறவி வரம் இல்லை. தீயைப் பற்றிச் சொன்னது சரி. ஆனால் அது வீட்டை நெருக்கிக் கட்டியவர்களின் தவறு.

வரப்போரம்:
தரைப் பக்கமும் கொஞ்சம் பார்க்கலாம், ஏனென்றால் 'நகர்ந்தால் இயற்கை கெடும்' என்ற நினைப்புதான் இந்தச் சண்டைக்கு அடியில் கிடக்கிறது. 1990களில் உள் ஆசியப் புல்வெளிகளை ஒப்பிட்டார்கள். மேய்ப்பர்களை நிரந்தரக் குடியிருப்பில் வைத்த ரஷ்யப் பக்கம் சுமார் முக்கால்வாசி மேய்ச்சல் நிலம் சீர்கெட்டிருந்தது. வேலி போட்டுப் பங்கு பிரித்த சீனப் பக்கம் மூன்றில் ஒரு பங்கு. இடம் மாறி மேய்த்துக்கொண்டே இருந்த மங்கோலியாவில் பத்தில் ஒரு பங்குதான். அதே புல், ஏறக்குறைய அதே வானம். ஆடு நின்ற இடத்திலேயே நின்றால் வேர்வரை கடிக்கும். நகர்ந்தால் புல்லுக்கு மூச்சு கிடைக்கும்.

மங்கோலியா சொர்க்கம் என்று சொல்லவில்லை. 1990க்குப் பிறகு கூட்டுப் பண்ணைகள் கலைந்து, 'கேஷ்மியர்' என்ற மென்ரோமத்துக்காக வெள்ளாடு பெருகி, இரண்டரைக் கோடியாக இருந்த கால்நடை பின்னால் 7 கோடியைத் தொட்டது. அந்த நிலம் தாங்கவில்லை. 'சூத்' என்பார்கள், புல்லை உறைபனி மூடிவிடும் கொடுங்குளிர். 2009-10 குளிர்காலத்தில் மட்டும் 80 லட்சத்துக்கு மேல் கால்நடை செத்தன. மந்தை போனவர்கள் தலைநகர் உலான்பாத்தரின் ஓரத்தில் கூடாரம் போட்டுக் கரி எரித்து வாழ்கிறார்கள்.

கீதாரிமகளுக்கு ஒரு செய்தி. அந்த நாட்டில் ஏறத்தாழ எல்லோருக்கும் எழுதப் படிக்கத் தெரியும். மேய்ப்பர் பிள்ளைகளுக்கு அரசு விடுதிப் பள்ளி கட்டியது. 2012க்குள் கூடாரத்தோடு தூக்கிப் போகக்கூடிய சூரிய மின்தகடு ஒரு லட்சம் குடும்பங்களுக்குக் கிடைத்தது. ஆட்டை நிறுத்தச் சொல்லாமலே இதெல்லாம் நடந்தது.

கீதாரிமகள்:
வரப்போரம் அண்ணே, விடுதிப் பள்ளின்னு லேசா சொல்லிட்டீங்க. ஆறு வயசுப் புள்ளை அம்மாவை விட்டு மாசக்கணக்குல இருக்கணும். நான் பாட்டிகிட்ட இருந்தப்பவே ராத்திரி ஆட்டுச் சத்தம் இல்லாம தூக்கம் வராது, அழுதுகிட்டே கிடப்பேன். அதுக்கும் ஒரு விலை உண்டு.

ஆனாலும் நீங்க சொன்ன மின்தகடு விஷயம் மனசுல நிக்குது. எங்களுக்கு யாரும் அப்படி யோசிக்கல. பேரை அடிக்காம, எந்த ஊர்ல இருக்கோமோ அந்த ஊர்ப் பள்ளியில நாலு மாசம் உட்கார வச்சிருந்தா என் அண்ணன் படிச்சிருப்பான். தடுப்பூசியும் அப்படித்தான். இன்னைக்கு நான் வேலை பார்க்குற வார்டுல கிடைக்காரங்க புள்ளையத் தூக்கிட்டு வந்தா, அட்டை எந்த ஊருன்னுதான் முதல் கேள்வி வருது.

பவளப்பாறை சார்கிட்டயும் ஒண்ணு கேக்கணும். வெடி போட்ட மீனை வாங்குறது யாரு? கரையில இருக்கவங்கதானே? சந்தையில அந்த மீனை நிறுத்தாம வீட்டை இடிச்சா பவளம் வளருமா?

பவளப்பாறை:
நியாயமான கேள்வி. வாங்குபவர், வெடிமருந்து விற்பவர், இரண்டு பேரையும் பிடிக்க வேண்டும், அவர்கள் கரையில்தான் இருக்கிறார்கள். பூங்கா அறிவிப்பதற்கு முன்பிருந்தே அந்தத் தீவுகளில் பஜாவ் குடும்பங்கள் இருந்தன என்பதும் எனக்குத் தெரியும். தூண்டிலும் ஈட்டியும் மட்டும் வைத்திருப்பவனை வெடிக்காரனோடு ஒன்றாகக் கட்ட மாட்டேன், அந்த இடத்தில் இறங்கி வருகிறேன்.

ஆனால் குஞ்சு மீன் வளரும் இடத்தில் புதுசு புதுசாகக் கால் நட்டு வீடு பெருகுவதை ஒப்புக்கொள்ள மாட்டேன். முன்பு படகு நாலு நாள் நின்று நகர்ந்துவிடும். இப்போது வீடு வருசக்கணக்கில் அங்கேயே நிற்கிறது, கழிவும் குப்பையும் அதற்கடியிலேயே விழுகின்றன.

தாவாவ்காரன்:
தம்பி, அவர்களை அசைய விடாமல் செய்தது யார்? இரவில் கடலில் போனால் பிடிப்பார்கள், எல்லை தாண்டினால் சுடுவார்களோ என்று பயம், பெரிய மரம் கிடைக்காது, லெப்பா செய்யக் காசு இல்லை. அதனால்தான் பலர் கால் நட்டு உட்கார்ந்தார்கள். உட்கார்ந்த பிறகு, ஏன் உட்கார்ந்தாய் என்று இடிக்கிறோம்.

அந்தத் தோணி அம்மாவிடம் ஒருமுறை மலாயில் பேச்சுக் கொடுத்தேன். அவருக்கு மலாய் அரைகுறை, வீட்டில் சினாமா மொழி. அரசாங்கம் வீடு கொடுத்தால் போவீர்களா என்று கேட்டேன். யோசித்தார். ஐசி வேண்டும், போலீஸ் படகைக் கண்டால் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு ஓட முடியவில்லை என்றார். பெரியவனுக்குக் கணக்கு தெரிய வேண்டும், மீன் வாங்கும் தவுக்கே (முதலாளி) எடையில் ஏமாற்றுகிறான் என்றார். வீட்டைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. நான் மறுபடி கேட்டதும் சிரித்தார். கரையில் ஒரு ராத்திரி படுத்துப் பார்த்தாராம், தரை ஆடவே இல்லையாம், தலை சுற்றி வாந்தி வந்துவிட்டதாம்.

கீதாரிமகள்:
எங்கப்பாவுக்கு இப்ப 68. நான் சம்பாதிச்சு ஊர்ல காரை வீடு கட்டிக் கொடுத்திருக்கேன், ஃபேன் இருக்கு, கட்டில் இருக்கு. ஆடு பத்துதான் மிச்சம். இன்னும் ராத்திரி வாசல்ல கொடாப்புப் பக்கத்துலதான் சாக்கை விரிச்சுப் படுக்குறார்.