கோர்டோபாவில் ஒரு நாள்: வழிகாட்டியோடு போவதா, தனியாகவா?

வணக்கம் நண்பர்களே. மே மாதம் அம்மாவோடு ஸ்பெயின் போகிறோம், அதில் கோர்டோபாவுக்கு ஒரே ஒரு நாள்தான் கிடைக்கிறது. அங்குள்ள மெஸ்கீத்தாவை (மசூதியாக இருந்து பேராலயமான பழைய கட்டடம்) அவசரமில்லாமல் பார்க்க வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை. 785 வாக்கில் அப்போதைய முஸ்லிம் ஆட்சியாளர் முதலாம் அப்துர் ரஹ்மான் தொடங்கிய மசூதி, 1236-ல் நகரம் கிறிஸ்தவர் கைக்குப் போனதும் தேவாலயமானது, அப்புறம் 16-ஆம் நூற்றாண்டில் நட்டநடுவே ஒரு பேராலயத்தையே எழுப்பிவிட்டார்கள். 850-க்கும் மேற்பட்ட தூண்கள், அவற்றின் மேல் சிவப்புச் செங்கல்லும் வெளிர் கல்லும் மாறி மாறி வைத்த இரட்டை வளைவுகள். தூண்கள் பல பழைய ரோமானியர், அவர்களுக்குப் பின் ஆண்ட விசிகோத்கள் ஆகியோரின் கட்டடங்களிலிருந்து எடுத்தவை, அதனால் ஒன்றின் தலைப்பகுதி போல் இன்னொன்று இருக்காதாம். இதையெல்லாம் நின்று காட்டும் வழிகாட்டி வேண்டும்.

போன வருடம் வேறொரு ஊரில் ஒரு குழுவோடு போய், கொடியைத் துரத்திக்கொண்டு ஓடியதுதான் மிச்சம். அம்மாவுக்கு முழங்கால் வலி வேறு.

யூதர் குடியிருப்பின் சந்துகள், 1315-ல் கட்டிய சினகாக் (யூதர் வழிபாட்டுக் கூடம்), ரோமானியப் பாலம், இவ்வளவும் அரை நாள் நடையில் அடங்குமா? கல் பாவிய தெருக்களில் வயதானவர்கள் நடக்க முடியுமா? ஊருக்கு வெளியே இருக்கும் பழைய அரண்மனை நகரின் இடிபாடுகளான மதீனா அசாஹராவையும் சேர்க்கலாமா, விட்டுவிடலாமா? வீட்டு முற்றங்களைப் பூக்களால் அலங்கரித்துத் திறந்து வைக்கும் மே மாத முற்றத் திருவிழாவின் கூட்டம் எப்படி இருக்கும்? சிறு குழுவாக, ஆங்கிலத்தில் பொறுமையாகச் சொல்பவர்களோடு போயிருந்தால் சொல்லுங்கள், அடுத்த வாரம் டிக்கெட் எடுக்க வேண்டும்.