தாரிக் என்று வைக்கலாமா?

'நம்ம வீடு' குழு
புதன்கிழமை

மச்சான் (துபாய்), மாலை 5:12
அஸ்ஸலாமு அலைக்கும். பிள்ளையின் பெயர் விஷயமாக எல்லோரையும் ஒரு வார்த்தை கேட்டுவிடலாம் என்று இங்கே போடுகிறேன். ஞாயிற்றுக்கிழமை அகீகா (பிள்ளை பிறந்ததற்காக ஆடு அறுத்துக் கொடுப்பது), அதற்குள் முடிவாக வேண்டும். எங்கள் இருவருக்கும் பிடித்தது 'தாரிக்'. உங்கள் எண்ணத்தைச் சொல்லுங்கள்.

ராத்தா, 5:14
வஅலைக்கும் ஸலாம். மாஷா அல்லாஹ். கூப்பிடச் சின்னப் பெயர், எனக்குப் பிடித்திருக்கிறது.

உம்மா, 5:20
நல்லா இருக்கு. அப்துல் தாரிக் என்று வையுங்கள். நம் வீட்டு ஆண்களில் பாதிப் பேர் அப்துல்தானே, அதோடு சேர்ந்துகொள்ளும்.

மாமி, 5:41
தவறாக எடுத்துக்கொள்ள வேண்டாம், மனதில் பட்டதைச் சொல்லிவிடுகிறேன். தொழுகையை விட்டவனைத் 'தாரிகுஸ் ஸலாத்' என்று மார்க்கச் சொற்பொழிவான பயானில் சொல்லி எத்தனையோ தடவை கேட்டிருக்கிறேன். அப்படியென்றால் தாரிக் என்றால் விட்டவன் என்றுதானே பொருள்? என் பேரனை வாய்நிறைய அப்படிக் கூப்பிட எனக்கு மனம் வரவில்லை.

நான், 5:43
மாமி, இது எனக்குத் தோன்றவே இல்லை. இப்போது எனக்கும் கலக்கமாக இருக்கிறது.

ராத்தா, 5:50
நான் போனில் தேடிப் பார்த்தேன். ஓரிடத்தில் 'விடிவெள்ளி', இன்னோரிடத்தில் 'கதவைத் தட்டுபவன்', மற்றோரிடத்தில் 'இரவில் வருபவன்' என்று இருக்கிறது. இரவில் கதவைத் தட்டுகிறவன் யார்? நல்லவனா, கெட்டவனா? இப்போது எனக்கும் சந்தேகம் வந்துவிட்டது.

உம்மா, 5:52
மஃரிப் தொழுகை முடிந்து சாச்சா வரட்டும். அவர் சொல்வதைக் கேட்போம்.

சாச்சா, 7:04
வஅலைக்கும் ஸலாம். எல்லாவற்றையும் படித்தேன். முதலில் மாமிக்குப் பதில் சொல்கிறேன், ஏனென்றால் அவர்கள் கேட்டது மிகச் சரியான கேள்வி. நாற்பது வருடம் மதரஸாவில் ஓதிக்கொடுத்தேன், இந்தக் கேள்வியைக் கேட்டவர்கள் குறைவு.

அரபியில் இவை இரண்டு வேறு சொற்கள். தொழுகையை விட்டவனைச் சொல்லும் தாரிக் மெல்லிய 'தா'வில் தொடங்கி, நாம் 'க' சொல்வது போன்ற சாதாரண 'காஃப்' எழுத்தில் முடியும். பெயராக வைக்கிற தாரிக் 'தோ' எழுத்தில் தொடங்கும், நாக்கு தடித்து மேலே எழும்பும். முடிவதும் தொண்டைக்கு அருகே உள்நாக்கை ஒட்டி எழுகிற 'காஃப்'. அரபு காதுக்கு இவை மலையும் மழையும் போல வேறு வேறு. தமிழில் எழுதும்போதுதான் இரண்டும் ஒன்றாகிவிடுகின்றன.

சாச்சா, 7:06
இதே மாதிரி இன்னொன்றும் இருக்கிறது. ஃபிர்அவ்னின் மனைவி ஆஸியா, நாமெல்லாம் ஆசையோடு பெண்பிள்ளைகளுக்கு வைக்கிற பெயர். ஆனால் உமர் (ரலி) அவர்களின் மகளுக்கு இருந்த 'ஆஸியா' வேறு எழுத்து. அதற்கு 'மாறு செய்பவள்' என்று பொருள். நபி (ஸல்) அவர்கள் அதை ஜமீலா என்று மாற்றினார்கள். தமிழில் எழுதினால் இரண்டும் ஆஸியாதான்! மாமி போல நின்று கேட்காவிட்டால் எது எது என்று தெரியாமலே போய்விடும்.

மாமி, 7:09
அல்ஹம்துலில்லாஹ், இப்போது மூச்சு வந்தது. ஆனால் ராத்தா கேட்டதற்கும் பதில் சொல்லுங்கள் தம்பி. இரவில் தட்டுகிறவன் என்றால் திருடன் மாதிரி இல்லையா?

சாச்சா, 7:21
சொல்கிறேன், கொஞ்சம் நீளமாகப் போகும்.

'தரக' என்றால் அடித்தான், தட்டினான். சுத்தியலுக்கு அரபியில் 'மித்ரகா', அதே வேர். பாதைக்கு 'தரீக்' என்கிறோமே, அதுவும் அதே வேர்தான். கால்கள் மிதித்து மிதித்து அடிபட்ட இடம் என்பதால் அந்தப் பெயர் என்று பழைய அகராதிக்காரர்கள் சொல்வார்கள். காதிரிய்யா தரீக்கா, ஷாதுலிய்யா தரீக்கா என்று நம் பெரியவர்கள் ஆன்மிக வழிகளைச் சொல்வதும் அங்கிருந்து வந்தது.

பகலில் வருகிறவனுக்குக் கதவு திறந்திருக்கும். இரவில் வருகிறவன் தட்டித்தான் ஆக வேண்டும். அதனால் இரவில் வருகிற எவருக்கும் 'தாரிக்' என்ற பெயர் வந்தது. பாலைவனத்தில் பகல் சூட்டுக்குப் பயந்து இரவில் பயணம் போகிறவர்கள் அந்தக் கால அரபிகள். இருட்டில் ஒரு கூடாரத்துக்கு வெளியே வந்து நிற்கிறவன் பெரும்பாலும் பசியோடு வந்த விருந்தாளியாக இருப்பான். திருடன் தட்டிவிட்டு வருவதில்லையே.

அப்புறம் நட்சத்திரம். அதுவும் இரவில்தானே வருகிறது? குர்ஆனில் 86வது சூரா 'அத்தாரிக்', 17 வசனங்கள். வானத்தின் மீதும் தாரிக்கின் மீதும் சத்தியமாக என்று தொடங்கும். தாரிக் என்றால் என்னவென்று உமக்கு எது அறிவித்தது என்று அல்லாஹ்வே கேட்டு, அந்நஜ்முஸ் ஸாகிப், இருளைத் துளைக்கும் நட்சத்திரம் என்று அவனே பதிலும் சொல்கிறான். எந்த நட்சத்திரம் என்பதில் குர்ஆனுக்கு விளக்கம் எழுதிய தஃப்ஸீர்காரர்கள் பலவிதமாகச் சொன்னார்கள். சனிக்கிரகம் என்றார்கள் சிலர். நாம் கார்த்திகை என்று சொல்லும் நட்சத்திரக் கூட்டம் என்றார்கள் வேறு சிலர். இரவில் தோன்றும் எல்லா நட்சத்திரத்துக்கும் பொருந்தும் என்பதும் ஒரு கருத்து. எனக்குப் பிடித்தது இதுதான். விடிவெள்ளி என்று ராத்தா பார்த்ததும் தவறில்லை, ஆனால் அது ஒரு பொருள் மட்டுமே.

ராத்தா, 7:25
மதரஸாவில் மனப்பாடம் செய்த சூரா. பொருள் தெரியாமலே இத்தனை வருடம் ஓதியிருக்கிறேன்.

சாச்சா, 7:33
இரவில் வருவது எல்லாமே நல்லது என்றும் நான் சொல்லவில்லை. மாமியின் பயத்துக்கும் இடம் இருக்கிறது. பாதுகாப்புத் தேடி ஓதுகிற ஒரு துஆ நபிமொழியான ஹதீஸில் உண்டு. இரவிலும் பகலிலும் வந்து தட்டுகிற தீங்குகளைவிட்டுக் காவல் தேடிவிட்டு, கடைசியில் 'இல்லா தாரிகன் யத்ருகு பிஃகைரின் யா ரஹ்மான்' என்று முடியும். நன்மையைக் கொண்டுவந்து தட்டுகிற தாரிக்கைத் தவிர, ரஹ்மானே!

பாருங்கள், அந்த ஒருவனுக்கு மட்டும் கதவைத் திறந்து வைக்கச் சொல்கிறது துஆ. இந்தப் பிள்ளை பிறந்தது இரவு 2:10க்கு. எனக்கு வேறு பொருள் தேவைப்படவில்லை.

உம்மா, 7:34
கண் கலங்கிவிட்டது.

நான், 7:36
அன்றைக்கு இரவு பிரசவ வலியில் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே இருந்தேன் சாச்சா. ஒரு நட்சத்திரம் கம்பிகளுக்கு நடுவில் நகராமல் நின்றது. இதை யாரிடமும் சொல்லவில்லை.

மச்சான் (துபாய்), 7:40
சாச்சா, ஒரு சந்தேகம். இங்கே ஆஸ்பத்திரி வாசலில் அவசர சிகிச்சைக்கு 'தவாரி' என்று எழுதியிருப்பார்கள். இதே சொல்லா? இங்கே பள்ளியில் பிள்ளையைக் கூப்பிட்டால் சிரிப்பார்களோ என்று கேட்கிறேன்.

சாச்சா, 7:44
இல்லை. அது ஹம்ஸா என்ற எழுத்தில் முடியும் வேறு வேர், திடீரென நேர்வது என்று பொருள். தாரிக் அரபு நாடுகளில் மொராக்கோவிலிருந்து இராக் வரை சாதாரணமாக வைக்கிற பெயர். யாரும் சிரிக்க மாட்டார்கள்.

மாமி, 7:48
நபித்தோழர்களான ஸஹாபாக்களில் இந்தப் பெயர் உண்டா தம்பி?

சாச்சா, 7:59
உண்டு. இதை முதலிலேயே சொல்லியிருக்க வேண்டும். தாரிக் இப்னு அஷ்யம் என்று ஒரு ஸஹாபி. அவர் சொன்னதை அவருடைய மகன் அறிவித்து, ஸஹீஹ் முஸ்லிம் என்ற ஹதீஸ் நூலில் பதிவாகியிருக்கிறது. ஒருவர் புதிதாக இஸ்லாத்துக்கு வந்தால் நபி (ஸல்) அவர்கள் முதலில் தொழுகையைக் கற்றுக்கொடுப்பார்கள். பிறகு, இறைவா என்னை மன்னிப்பாயாக, எனக்கு அருள்வாயாக, எனக்கு நேர்வழி காட்டுவாயாக, எனக்கு வாழ்வாதாரம் தருவாயாக என்று கேட்கச் சொல்லிக்கொடுப்பார்கள். தொழுகையில் இரண்டு ஸஜ்தாவுக்கு (சிரம் பணிதலுக்கு) நடுவில் நாம் உட்கார்ந்து ஓதுவதும் கிட்டத்தட்ட இதே சொற்கள்தாம்.

மாமி, தொழுகையை விட்டவன் என்று பயந்தீர்கள். தொழுகையைக் கற்றுக்கொடுத்த கதையை நமக்குச் சொன்னவரின் பெயரே தாரிக்.

பொருள் கெட்ட பெயரைக் கேட்டால் நபியவர்கள் மாற்றிவிடுவார்கள். இந்தப் பெயரோடு ஸஹாபாக்கள் இருந்தார்கள், மாற்றச் சொல்லவில்லை.

மாமி, 8:01
ஸுப்ஹானல்லாஹ். எனக்கு முழுச் சம்மதம். இனி நான்தான் முதலில் கூப்பிடுவேன்.

தம்பி (கப்பல்), 8:30
இப்போதுதான் சிக்னல் கிடைத்தது, நூறு மெசேஜ் ஒன்றாக வந்து விழுகிறது! சின்ன ராத்தா, மச்சான், பிள்ளையைப் பெற்ற இருவருக்கும் முபாரக். தாரிக் என்றதும் எனக்கு ஞாபகம் வந்தது ஜிப்ரால்டர். போன ஆண்டு எண்ணெய் நிரப்ப அங்கே நின்றோம். கடலிலிருந்து செங்குத்தாக 400 மீட்டருக்கு மேல் எழும்புகிற ஒற்றைப் பாறை. 'ஜபல் தாரிக்', தாரிக்கின் மலை, அதுதான் வாயில் தேய்ந்து ஜிப்ரால்டர் ஆயிற்று என்று எங்கள் மொராக்கோ மாலுமி காட்டினான். வானம் தெளிவாக இருந்தால் அங்கிருந்து ஆப்பிரிக்கா கண்ணுக்குத் தெரியும். ஜலசந்தியின் குறுகலான இடம் 14 கிலோமீட்டர்தான்.

ராத்தா, 8:33
கப்பல்களை எரித்துவிட்டு, பின்னால் கடல், முன்னால் எதிரி என்று பேசினாரே, அவர்தானே? எனக்கு அடிக்கடி அந்தச் செய்தி பார்வர்டில் வரும்.

சாச்சா, 8:46
அவர்தான், தாரிக் இப்னு ஸியாத். ஆனால் கப்பலை எரித்த கதையைப் பிள்ளைக்குச் சொல்லும்போது கவனமாகச் சொல்லுங்கள். அவர் ஜலசந்தியைக் கடந்து ஸ்பெயினுக்குப் போனது 711இல், ஹிஜ்ரி 92. கப்பல் எரிப்பு சுமார் நானூறு ஆண்டுகள் கழித்து, 12ஆம் நூற்றாண்டில் இத்ரீஸி எழுதிய புவியியல் நூலில் வருகிறது. ஆரம்பகால வரலாற்று நூல்களில் அது இல்லை.

உறுதியாகத் தெரிந்ததே போதுமான அளவு பெரியது. அவர் அரபி இல்லை, வட ஆப்பிரிக்காவின் பர்பர் இனத்தவர் என்றே பெரும்பாலான வரலாற்றாசிரியர்கள் சொல்கிறார்கள். மொராக்கோவில் உள்ள தஞ்சா நகரத்தின் பொறுப்பாளராக இருந்தார். அவருடன் கடந்த படையிலும் பெரும்பாலோர் பர்பர்கள்தாம். அந்த ஆண்டே ஸ்பெயினை ஆண்ட ரோட்ரிக் மன்னனைத் தோற்கடித்தார்கள். மேலதிகாரி மூஸா இப்னு நுஸைர் அடுத்த ஆண்டு வந்து சேர்ந்தார். 714இல் கலீஃபா வலீத் இருவரையும் தலைநகரான திமிஷ்குக்கு (டமாஸ்கஸ்) வரச் சொன்னார். அதன் பிறகு தாரிக்கைப் பற்றி வரலாறு அநேகமாகப் பேசுவதில்லை. அரண்மனையும் இல்லை, வாரிசு ஆட்சியும் இல்லை. மலைக்கு மட்டும் பெயர் நிலைத்தது.

அரபியைத் தாய்மொழியாகக் கொள்ளாத ஒருவரால் இந்த அரபுப் பெயர் உலகப் படத்தில் ஏறியது. தமிழ் பேசுகிற வீட்டில் இந்தப் பெயரை வைக்கும்போது எனக்கு அது நிறைவாக இருக்கிறது.

வாப்பா, 8:52
எனக்கும் சம்மதம். பிறப்புச் சான்றிதழில் எப்படி எழுதுவது?

சாச்சா, 8:58
ஆங்கிலத்தில் கடைசி எழுத்து 'க்யூ' போடுங்கள், 'கே' வேண்டாம். அப்போது எந்த காஃப் என்று அரபி தெரிந்தவர்களுக்குப் புரியும். தமிழில் தாரிக். உம்மா சொன்ன 'அப்துல்' மட்டும் வேண்டாம். அப்து என்றால் அடிமை, அதன் பின்னால் அல்லாஹ்வின் திருநாமம்தான் வர வேண்டும். ரஹ்மான், காதிர், கரீம் எல்லாம் அவனுடைய பெயர்கள். தாரிக் அவனுடைய பெயர் இல்லை. முஹம்மது தாரிக் என்று வைத்தால் அழகு.

உம்மா, 9:00
சரி, முஹம்மது தாரிக்.

வாப்பா, 9:03
பிறப்பைப் பதிய 21 நாள் இருக்கிறது. பெயரைப் பிறகு சேர்க்கவும் ஓராண்டு வரை கட்டணம் இல்லை. ஆனால் இழுக்க வேண்டாம், திங்கட்கிழமை நானே போகிறேன். நம் பெரியவன் பெயரில் அந்தக் காலத்தில் ஓர் எழுத்து மாறி, பாஸ்போர்ட் வரைக்கும் அலைந்தோம். இந்த முறை பெரிய எழுத்தில் எழுதிக் கையில் கொண்டுபோகிறேன்.

உம்மா, 9:10
அகீகாவுக்கு இரண்டு கிடாய் சொல்லியாயிற்று. தலைமுடி இறக்கி, எடைக்கு எடை வெள்ளியின் காசைத் தர்மம் செய்ய வேண்டும். நகைக்கடைத் தராசை வாப்பா கேட்டு வையுங்கள், வீட்டுத் தராசில் அந்த எடை நிற்காது.

சாச்சா, 9:15
பெயரைச் சொல்லிப் பழகுங்கள் எல்லோரும். நாக்கைத் தடித்து 'தா', கடைசியில் தொண்டையில் 'க்'. குரல் பதிவு ஒன்று அனுப்புகிறேன். சரியாக வராவிட்டாலும் பரவாயில்லை, அன்போடு கூப்பிட்டால் பிள்ளை திரும்பிப் பார்க்கும்.

(குரல் பதிவு, 0:14)

மாமி, 9:19
(குரல் பதிவு, 0:06)

மாமி, 9:19
(குரல் பதிவு, 0:05)

சாச்சா, 9:21
இரண்டாவது மிகச் சரி மாமி.

மச்சான் (துபாய்), 9:34
சாச்சா, நீண்ட பயணம் போனவர் வீட்டுக்கு இரவில் திடீரென்று வரக்கூடாது என்று ஒரு ஹதீஸ் உண்டல்லவா? அதிலும் இந்தச் சொல்தானா?

சாச்சா, 9:37
ஆமாம், அதே 'தரக'. ஜாபிர் (ரலி) அறிவிப்பது. சொல்லாமல் இரவில் போய்த் தட்டாதீர்கள், தலை கலைந்திருக்கும் மனைவி சீவிக்கொள்ள அவகாசம் கொடுங்கள் என்ற கருத்தில் வரும். வீட்டில் இருப்பவர்களின் மனதை எவ்வளவு தூரம் பார்த்திருக்கிறார்கள் பாருங்கள். ஏன் கேட்கிறீர்கள்?

மச்சான் (துபாய்), 9:45
அப்படியானால் மறைத்து வைத்ததைச் சொல்லிவிட வேண்டியதுதான். விடுமுறை கிடைத்துவிட்டது. சொல்லாமல் வந்து நிற்கலாம் என்று இருந்தேன். சனிக்கிழமை இரவு 11 மணிக்குத் திருச்சியில் இறங்குகிறேன். வீடு வந்துசேர 3 மணி ஆகும்.

உம்மா, 9:46
யா அல்லாஹ்! அல்ஹம்துலில்லாஹ்!

நான், 9:47
வந்து தட்டுங்கள் மச்சான். நான் விழித்துத்தான் இருப்பேன். அவனும்.