சிறு படத்துக்குப் பின்னணி இசை: எல்லா உரிமையும் எழுதிக் கொடுக்கலாமா?

சாட்ஸ்வொர்த்_கீபோர்டு:
வணக்கம். டர்பனில் எடுத்த 80 நிமிடச் சுயாதீனப் படம். இசைக்கு மொத்தமாக 30,000 ரேண்ட். எல்லா உரிமையும் தயாரிப்பாளருக்கே என்று ஒப்பந்தத்தில் ஒரு வரி இருக்கு. கையெழுத்துப் போடலாமா? எடிட்டிங் முடியும் முன்னாலேயே ஆரம்பிக்கச் சொல்றாங்க.

ஃபீனிக்ஸ்_வீணை:
அந்த வரி இருக்கும்வரை போடாதீங்க தம்பி. நம்ம தென்னாப்பிரிக்காவின் 1978 பதிப்புரிமைச் சட்டத்தில் இசையமைப்பு வேறு, ஒலிப்பதிவு வேறு. காசு கொடுத்துச் செய்யச் சொன்ன ஒலிப்பதிவு, மாற்று ஒப்பந்தம் இல்லாவிட்டால், சொன்னவருக்கே சேரும் (21ஆம் பிரிவு). இசையமைப்பு அப்படிப் போகாது. நீங்க அவங்ககிட்ட ஊழியராகச் சம்பளத்துக்கு வேலை செய்யாதவரை அது உங்களுடையது. எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தால்தான் கைமாறும். அந்த ஒற்றை வரி அதைத்தான் செய்யுது.

நீங்க சாம்ரோ (இசையமைப்பாளர்களுக்கு ராயல்டி வசூலித்துத் தரும் நம்ம நாட்டு அமைப்பு) உறுப்பினர் என்றால், நிகழ்த்து உரிமையை, அதாவது பொதுவிலும் டிவியிலும் இசையை ஒலிக்கவிடும் உரிமையை, ஏற்கெனவே அவங்ககிட்ட ஒப்படைச்சிருப்பீங்க. அதை இன்னொருத்தருக்குக் கொடுக்கவே முடியாது. "இந்தப் படத்தோடு சேர்த்துப் பயன்படுத்த மட்டும் அனுமதி" என்று மாற்றச் சொல்லுங்க. கியூ ஷீட்டையும் (படத்தில் வரும் இசையின் பட்டியல்) ஒப்பந்தத்திலேயே கேளுங்க: ஒவ்வொரு துண்டின் பெயர், நிமிடம், விநாடி, இசையமைப்பாளர் பங்கு, பின்னணியா காட்சிக்குள் ஒலிப்பதா என்பது. அது சாம்ரோவுக்குப் போகலைன்னா, டிவியில் படம் ஓடினாலும் பணம் உங்க பேருக்கு வந்து சேராது. சம்பளம் குறைவான படத்தில் பின்னால் வரக்கூடியது அதுதான்.

மிக்ஸிங்_மேசை:
அக்கா சொன்னதோடு இதையும் சேர்த்துக்குங்க. எடிட் பூட்டும் (இனி வெட்டு மாறாது என்று முடிவாகும்) முன்னாடி மெட்டுகளை மட்டும் போட்டுக் காட்டுங்க, காட்சிக்கு அளவெடுத்து எழுதாதீங்க. 12 ஃபிரேம் வெட்டினாலே, விநாடிக்கு 25 ஃபிரேம் வேகத்தில் கிட்டத்தட்ட அரை விநாடி; தாளம் விழ வேண்டிய இடம் தப்பிடும்.

ஃபிரேம் வேகம் 24ஆ 25ஆ என்று எழுத்தில் வாங்குங்க. திரைப்பட விழாவுக்கு 24, டிவிக்கு 25 என்று ரெண்டும் கலந்து வரும். 24இல் எடுத்த 80 நிமிடப் படத்தை 25இல் ஓட்டினால் 76 நிமிடம் 48 விநாடிதான். இசையையும் கூடவே வேகப்படுத்தினால் சுருதி அரைச்சுரத்தில் முக்கால் பங்கு அளவுக்கு ஏறும். தம்புரா வைத்த இடத்தில் காது உடனே கண்டுபிடிச்சிடும்.

ஃபைல்கள் 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட். மாஸ்டரில் (எல்லாம் சேர்ந்த மொத்த ஒலியில்) கம்ப்ரஸர் (சத்த ஏற்ற இறக்கத்தைக் குறைக்கும் கருவி) போட்டுவிட்டு ஸ்டெம் (வாத்தியக் குழு வாரியான தனித்தனி ஒலி ஃபைல்) பிரிக்காதீங்க. மறுபடி கூட்டினால் பழைய மிக்ஸ் வராது.

சாட்ஸ்வொர்த்_கீபோர்டு:
ஸ்டெம் எத்தனை வேணும் அண்ணா?

மிக்ஸிங்_மேசை:
அஞ்சு போதும்: தாளம், பேஸ், பின்புல ஒலி, தந்தி வாத்தியம், முதன்மை மெட்டு. மெட்டு தனியா இருக்கணும். புல்லாங்குழல் வசனத்தின் மேல் ஏறினால் படத்தின் ஒலியைக் கலக்குபவர் அதன் சத்தத்தை மட்டும் இறக்குவார். இல்லைன்னா மொத்த இசையையும் இறக்கிடுவார்.