கிதயாமாசாகி கரையோர நடைக்கு ஒருநாள் வழிகாட்டி தேவை

ஜப்பானின் மிச்சினோகு கரையோரப் பாதையில் நடக்க அக்டோபர் மூன்றாம் வாரம் அப்பாவும் நானும் போகிறோம். ஹச்சினோஹேயில் தொடங்கி சோமா வரை 1000 கிலோமீட்டருக்கு மேல் நீளும் பாதை அது. எங்களுக்கு வேண்டியது இவாத்தே மாநிலத்தின் தனோஹத கிராமத்தில், கிதயாமாசாகியிலிருந்து ட்சுகுஎஹாமா வரையான துண்டு மட்டும். முன்பதிவு செய்திருந்த வழிகாட்டிச் சுற்றுலாவை, ஆள் சேரவில்லை என்று நேற்று ரத்து செய்துவிட்டார்கள். பணம் திரும்பி வந்துவிட்டது, வழிகாட்டிதான் இல்லை. தங்கும் வீடும் விமான டிக்கெட்டும் இனி மாற்ற முடியாது.

தனியாகப் போகலாமே என்பீர்கள். சுமார் 200 மீட்டர் உயரப் பாறைச் சரிவு, ஓயாத படிக்கட்டுகள், நடுவே கையால் குடைந்த இருட்டுக் குகைவழிகள், தலைவிளக்கு இல்லாமல் கால் வைக்க முடியாது. இலையுதிர் காலத்தில் கரடி நடமாட்டமும் உண்டு. அப்பாவுக்கு வயது 67. நன்றாக நடப்பார், ஆனால் அவரை வைத்துக்கொண்டு அந்த ஆபத்தை எடுக்க எனக்கு மனமில்லை.

வேறு நிறுவனங்களுக்கு எழுதினேன், குறைந்தது நான்கு பேர் வேண்டும் என்கிறார்கள். உள்ளூர் எண்ணில் பேசினால் ஜப்பானிய மொழி மட்டும்தான். மொழிபெயர்ப்புச் செயலி வைத்து அனுப்பிய மின்னஞ்சலுக்கு இன்னும் பதில் இல்லை. தங்கும் வீட்டுக்கார அம்மாவிடமும் கேட்டாயிற்று. மீன்பிடிப் படகில் கடல்வழியாகப் பாறைகளைக் காட்டுவார்களாம், அது சரி, ஆனால் எங்களுக்கு நடக்க வேண்டும்.

தனோஹத பக்கம் இரண்டே பேருக்கு, ஓரளவு ஆங்கிலம் பேசும் வழிகாட்டியை ஒருநாளுக்கு அமர்த்தியவர்கள் இருந்தால், யார் மூலமாக ஏற்பாடு செய்தீர்கள்?