134 பேர் சேர்ந்து ஜனாதிபதியைத் தெரிவு செய்தது சரியா?

வன்னியூரான்:
2022 ஜூலை 20 அன்று இலங்கை நாடாளுமன்றத்தில் நடந்ததை என்னால் இன்னும் ஏற்க முடியவில்லை. 2019 ஜனாதிபதித் தேர்தலில் கோட்டாபய ராஜபக்சவுக்கு 69 இலட்சம் பேர் வாக்களித்தார்கள். அவர் நாட்டை விட்டு ஓடியதும், மீதிக் காலத்துக்கு 134 எம்.பி.க்கள் ரணில் விக்கிரமசிங்கவைத் தெரிவு செய்தார்கள். 2020 நாடாளுமன்றத் தேர்தலில் ரணிலின் கட்சிக்குக் கிடைத்தது ஒரேயொரு தேசியப் பட்டியல் ஆசனம், அதாவது நாடளாவிய வாக்கு வீதத்தைப் பார்த்துக் கட்சிக்குக் கொடுப்பது. அதில் வந்தவருக்கு நிறைவேற்று அதிகாரம் முழுவதுமா?

கல்லடிப்பாலம்:
தம்பி, அரசியலமைப்பின் 40ஆம் உறுப்புரை அப்படித்தான் சொல்கிறது. பதவி வெறிதானால் ஒரு மாதத்துக்குள் நாடாளுமன்றம் தன் உறுப்பினர்களில் ஒருவரைத் தெரிவு செய்ய வேண்டும். 1993இல் ஜனாதிபதி பிரேமதாச கொல்லப்பட்டதும் விஜேதுங்க வந்தது இதே வழியில், அதுவும் போட்டியே இல்லாமல். 2022இல் பொருளாதார நெருக்கடியால் பெற்றோல் வரிசையில் இரவு பகலாகக் கிடந்தோம். கடதாசி இல்லாமல் பரீட்சையே தள்ளிப்போன ஆண்டு அது. நாடு முழுக்க ஒரு தேர்தலை எப்படி நடத்துவது?

வன்னியூரான்:
உடனே தேர்தல் வையுங்கள் என்று நான் கேட்கவில்லை, அண்ணை. என் கோபம் அந்த இரகசிய வாக்கெடுப்பில். எனக்கு இரகசியம் வேண்டும், நான் குடிமகன். எம்.பி. என் சார்பில் வாக்களிப்பவர். ரணிலை எதிர்த்துப் போட்டியிட்ட டளஸ் அழகப்பெருமவுக்கு ஆதரவு என்று தமிழ்த் தேசியக் கூட்டமைப்பு அறிவித்தது. நான் அனுப்பிய உறுப்பினர் அப்படியே செய்தாரா? அறிய எனக்கு வழியே இல்லை.

ஓய்வுபெற்ற ரீச்சர்:
இருவரும் ஒன்றை மறக்கிறீர்கள். அந்த மே மாதம்தான் பல அரசியல்வாதிகளின் வீடுகள் எரிந்தன. கையைத் தூக்கி வாக்களிக்கச் சொல்லியிருந்தால் பயத்தில் எத்தனை கைகள் மாறியிருக்கும்? இரகசியம்தான் சரி. என் கவலை வேறு. வாக்குச்சீட்டில் வேட்பாளர்களை விருப்பு வரிசையில் 1, 2, 3 என்று குறிக்க வேண்டும், அவ்வளவுதான். வாக்களித்தவர்கள் 223 பேர், அதில் 4 வாக்குகள் செல்லாதவை. சட்டம் இயற்றுகிறவர்கள் இப்படியா?

வன்னியூரான்:
ரீச்சர், பயம் என்பதை ஒப்புக்கொள்கிறேன். ஆனால் முடிவைப் பாருங்கள். ரணிலுக்கு 134, டளஸுக்கு 82, மூன்றாவது வேட்பாளர் அநுரகுமார திசாநாயக்கவுக்கு 3. அந்த 3 வாக்குக்காரரைத்தான் 2024 செப்டெம்பரில் மக்கள் ஜனாதிபதியாக்கினார்கள். ரணில் மூன்றாம் இடம். சபையும் நாடும் அவ்வளவு தூரம் விலகியிருந்தன.

கல்லடிப்பாலம்:
2022 ஜூலையிலேயே மக்கள் அநுரவைத்தான் தெரிவு செய்திருப்பார்கள் என்று எதை வைத்துச் சொல்கிறீர்கள்? இரண்டு வருடத்தில் மனது மாறும். அப்புறம், 40ஆம் உறுப்புரை கொடுத்தது மீதிக் காலம் மட்டும்தான். அதனால்தான் 2024இல் வாக்குச்சாவடிக்குப் போனோம்.

வன்னியூரான்:
2023 மார்ச்சில் உள்ளூராட்சித் தேர்தலுக்கும் போயிருக்க வேண்டுமே! நடக்கவில்லை. அது அடிப்படை உரிமை மீறல் என்று 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றமே தீர்ப்பளித்தது. மக்களிடம் வாக்குக் கேட்டு வராதவரிடம் முழு அதிகாரமும் போனதால் வந்தது இது.

கல்லடிப்பாலம்:
சரி, அந்தத் தேர்தல் விஷயத்தில் உங்கள் பக்கம்தான் நியாயம். தெரிவு முறை இருக்கட்டும். அப்படி வருகிறவரின் அதிகாரத்தைக் குறைக்கலாம் என்றால் நானும் சம்மதம். முதலில் எதைக் குறைப்பீர்கள்?